ஊரா, கடையா: புறநகர் மாலின் எழுபது ஆண்டுகள்

தமிழ்நாட்டுக் கிராமத்து வாரச்சந்தையில் இடம் பஞ்சாயத்துக்குச் சொந்தம். ஆண்டுக்கொரு முறை ஏலம் விடுவார்கள். ஏலம் எடுத்தவர் ஆள் வைத்துக் கூடைக்கு இவ்வளவு, வண்டிக்கு இவ்வளவு என்று சுங்கம் வசூலிப்பார். அவருடைய அதிகாரம் அந்தச் சீட்டோடு சரி. சந்தைக்குள் யார் வரலாம், என்ன உடுத்தி வரலாம், புளியமரத்தடியில் எவ்வளவு நேரம் உட்காரலாம் என்பதெல்லாம் அவர் கையில் இல்லை. தேர்தல் வந்தால் கட்சிக்காரர்கள் மைக் கட்டிப் பேசுவார்கள். கிளி ஜோசியர் ஓரமாகத் துணி விரிப்பார். ஒன்றும் வாங்காமல் சும்மா ஒரு சுற்றுச் சுற்றிவிட்டு வீடு திரும்புகிறவர்களும் உண்டு. சரக்கு அவரவருடையது, தரை ஊருடையது.

மாலில் தரை, தூண், படி, பெஞ்சு, குளிர்ந்த காற்று எல்லாம் ஒரே கைக்குச் சொந்தம். இருந்தாலும் ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் வேளச்சேரிக்கோ அண்ணா நகருக்கோ கிளம்புகிற குடும்பத்தைக் கேட்டுப் பாருங்கள், 'கடைக்குப் போறோம்' என்று சொல்ல மாட்டார்கள். 'வெளியே போறோம்' என்பார்கள். அடுத்தவர் கட்டடத்துக்குள் போவதற்குப் பெயர் வெளியே போவது! புறநகர் மாலைப் பற்றிக் கடந்த எழுபது ஆண்டுகளாக நடந்துவரும் வழக்கு இந்த ஒரு சொல்லில் அடங்கிவிடுகிறது. அது ஊரா, கடையா?

மாலைத் திட்டுகிறவர்கள் அதை நுகர்வு வெறியின் கோயில் என்கிறார்கள். பாராட்டுகிறவர்களுக்கு அது வளர்ச்சியின் அடையாளம். இரு தரப்பாருக்கும் ஒரு விஷயத்தில் ஒற்றுமை: மக்கள் ஆசைப்பட்டார்கள், அதனால் மால் வந்தது என்று இருவருமே நம்புகிறார்கள். எனக்கு அந்த நம்பிக்கை இல்லை. மாலின் கதையை ஆசையிலிருந்து தொடங்காமல் நிலத்திலிருந்து தொடங்கினால் வேறு சில விஷயங்கள் கண்ணில் படுகின்றன.

அந்தக் கதை அமெரிக்காவில் தொடங்குகிறது, ஆனால் தொடங்கி வைத்தவர் பிறப்பால் அமெரிக்கர் அல்ல. விக்டர் குரூயன் 1903-ல் வியன்னாவில் பிறந்த யூதர். கட்டடக் கலை படித்தவர், சோஷலிஸ்ட், மாலை வேளைகளில் அரசியல் நையாண்டி நாடகம் போட்டவர். 1938-ல் ஹிட்லர் ஆஸ்திரியாவை விழுங்கியதும் தப்பி நியூயார்க் வந்து சேர்ந்தார். முதலில் சின்னச் சின்னக் கடைகளுக்கு முகப்பு வடிவமைத்துப் பெயர் வாங்கினார். அமெரிக்கப் புறநகரைப் பார்த்தபோது அவருக்கு வயிறு எரிந்தது. வீடு, புல்வெளி, கார், மறுபடியும் வீடு. நடந்து போய் உட்கார ஓர் இடமில்லை. வியன்னாவில் தெருவோரக் காபிக் கடையில் மணிக்கணக்காக வம்பளந்து வளர்ந்தவருக்கு அது ஊராகவே தோன்றவில்லை. ஊரில்லாத இடத்தில் ஊரின் நடுமுற்றத்தைச் செய்து வைக்கலாம் என்பதுதான் அவருடைய யோசனை. கடை அதற்கு ஒரு சாக்கு, செலவைத் தாங்கும் தோள்.

மின்னியாபொலிஸ் நகரின் தென்மேற்கே உள்ள எடைனாவில் அந்த யோசனை கட்டடமானது. 'சவுத்டேல்' என்று பெயர். 1956 அக்டோபர் 8-ல் திறந்தார்கள். 2 கோடி டாலர் செலவு, 72 கடைகள், 5,200 கார் நிறுத்த இடம். மின்னசோட்டாவில் குளிர்காலத்தில் மூச்சு விட்டால் மீசையில் பனி படியும், கோடையிலோ புழுங்கித் தள்ளும். எனவே குரூயன் மொத்தத்தையும் கூரைக்குள் போட்டு மூடி, ஆண்டு முழுக்க ஒரே இளவேனில் தட்பவெப்பம் வைத்தார். நடுவே ஒரு முற்றம், அதில் மரங்கள், ஆளைவிடப் பல மடங்கு உயரமான பறவைக் கூண்டு, காபிக் கடை, சிற்பங்கள். இரண்டு தளங்கள்தான். வாகன நிறுத்தத்தை மேடும் பள்ளமுமாகச் சரித்திருந்ததால், எந்தப் பக்கம் வண்டியை விட்டாலும் படி ஏறாமல் ஏதோ ஒரு தளத்துக்குள் நேராக நுழையலாம். இன்று உலகெங்கும் மால் என்றால் நம் மனதில் எழுகிற உருவம் அன்று அங்கே வார்க்கப்பட்டதுதான்.

குரூயனின் வரைபடத்தில் மால் ஒரு சிறு பகுதி மட்டுமே. மொத்தம் 463 ஏக்கர். அதில் அடுக்கு வீடுகள், பள்ளி, மருத்துவமனை, பூங்கா, ஏரி எல்லாம் மாலைச் சுற்றி வரும் என்று வரைந்திருந்தார். மால் வந்தது. மற்றவை அவர் நினைத்தபடி வரவில்லை. மால் திறந்ததும் சுற்றியிருந்த நிலத்தின் விலை ஏறியது. ஏறிய விலைக்கு விற்றுவிட்டுப் போவதுதானே வியாபாரம்? கட்டடக் கலைஞர் பிராங்க் லாய்ட் ரைட் வந்து பார்த்துவிட்டு, கிராமத்துத் தெருவின் தொல்லைகள் அத்தனையும் இருக்கின்றன, அதன் அழகு மட்டும் இல்லை என்கிற பொருளில் முகத்துக்கு நேரே சொல்லிவிட்டுப் போனார். முற்றம் எந்த ஊருக்கு முற்றமோ அந்த ஊர் வரவேயில்லை.

இந்த ஏமாற்றத்துக்குக் காரணம் மாலின் வாடகைக் கணக்கிலேயே இருக்கிறது. ஒரு மாலின் இரண்டு முனைகளிலும் ஒவ்வொரு பெரிய கடை இருக்கும். தொழிலில் 'ஆங்கர்' என்பார்கள். நம் ஊர்த் திருவிழாவில் ஒரு கோடியில் கோயிலும் மறு கோடியில் ராட்டினமும் இருந்தால், நடுவில் உள்ள வளையல் கடைக்காரருக்கு யாரும் விளம்பரம் செய்ய வேண்டியதில்லை அல்லவா, அதே சூத்திரம். கூட்டத்தை இழுத்து வருவதால் பெரிய கடைக்கு வாடகை மிகக் குறைவு, சில இடங்களில் இல்லவே இல்லை. அந்தச் செலவையும் சேர்த்துச் சுமப்பவர்கள் நடுவிலிருக்கும் சின்னக் கடைக்காரர்கள். சதுர அடிக்கு வாடகை, விற்பனையில் ஒரு சதவீதம், பொது இடத்தைப் பெருக்கித் துடைக்க, குளிரூட்ட, காவலுக்குத் தனிக் கட்டணம். ஆக, முற்றத்து மரத்தடியில் சும்மா உட்கார்ந்திருப்பவரின் செலவைச் செருப்புக் கடைக்காரர் கொடுக்கிறார். சும்மா உட்கார்ந்திருப்பவர் எழுந்து நடந்து ஏதாவது வாங்க வேண்டும் என்று அவர் எதிர்பார்ப்பதில் தப்பு சொல்ல முடியாது.

எதையோ வாங்க வந்தவர் வந்த காரியத்தை மறந்து, கண் போன போக்கில் கால் போக அலையத் தொடங்கும் அந்தக் கணத்துக்கு ஆங்கிலத்தில் குரூயனின் பெயரையே வைத்திருக்கிறார்கள். அவர் அதை நோக்கமாக வைத்துக் கட்டவில்லை என்பது வேறு விஷயம். பழந்தமிழில் 'மால்' என்றால் மயக்கம். எங்கோ லண்டனில் பந்தடித்து விளையாடிய வீதியின் பெயர் கடல் கடந்து கடைக்கு ஒட்டிக்கொண்டு, பிறகு நம் ஊருக்கு வந்தபோது நமக்குப் பொருள் சொல்லவே தேவையில்லாமல் போயிற்று.

சரி, ஆசையால் வரவில்லை என்றால் எதனால் வந்தது? 1954-ல் அமெரிக்க வருமான வரிச் சட்டத்தைத் திருத்தி எழுதினார்கள். அதில் தேய்மானக் கணக்கில் ஒரு மாற்றம். ஒரு கோடி டாலருக்குக் கட்டடம் கட்டினால், 40 ஆண்டுகளில் அது தேய்ந்துபோகும் என்று வைத்துக்கொண்டு ஆண்டுக்கு இரண்டரை லட்சம் டாலரை லாபத்திலிருந்து கழித்துக் காட்டுவது பழைய முறை. புதிய முறையில் முதல் ஆண்டிலேயே ஐந்து லட்சம் வரை கழிக்கலாம். கட்டடம் நன்றாகத்தான் நிற்கும், வாடகையும் வரும், ஆனால் காகிதத்தில் நஷ்டம். அந்த நஷ்டத்தை வேறு வருமானத்தில் கழித்து வரியைக் குறைத்துக்கொள்ளலாம். தாமஸ் ஹான்செட் என்ற வரலாற்றாய்வாளர் 1996-ல் எழுதிய கட்டுரையில் இதைத்தான் மால் பெருக்கத்தின் ஊற்றுக்கண்ணாகக் காட்டினார். சலுகை புதுக் கட்டடத்துக்கே வாய்ப்பாக அமைந்தது. நடுநகரில் ஏற்கெனவே நிற்கும் பழைய கட்டடத்தைப் பழுது பார்ப்பதைவிட, ஊருக்கு வெளியே மலிவு நிலத்தில் புதிதாகக் கட்டுவதே கணக்குக்கு இசைந்தது. துணியும் செருப்பும் விற்றுத் தெரியாத பல் டாக்டர்களும் வக்கீல்களும்கூட மால் முதலீட்டில் பணம் போட்டார்கள் என்றால், அவர்கள் தேடியது வாடிக்கையாளரை அல்ல, வரிக் கழிவை.

இரண்டாவது காரணம் சாலை. சவுத்டேல் திறந்த அதே 1956-ல், ஜூன் 29 அன்று, அதிபர் ஐசனோவர் மாநிலங்களிடை நெடுஞ்சாலைச் சட்டத்தில் கையெழுத்திட்டார். 41,000 மைல் சாலை, செலவில் 90 சதவீதம் மத்திய அரசுடையது. மூன்றாவது வீடு. மத்திய அரசின் உத்தரவாதத்தோடு புறநகரில் வீட்டுக்கடன் தாராளமாகக் கிடைத்தது, ஆனால் பெரும்பாலும் வெள்ளையருக்கு. கறுப்பர்கள் வாழும் பகுதிகளை வரைபடத்தில் சிவப்புக் கோடு போட்டுச் சுற்றி, கடன் கொடுக்கத் தகாத இடம் என்று ஒதுக்கினார்கள். மூன்றையும் சேர்த்துப் பார்த்தால், மால் முளைப்பதற்கு முன்பே அதன் வாடிக்கையாளர் யார், யார் இல்லை என்பது அரசு ஆவணங்களில் முடிவாகிவிட்டது. பொதுப் பணத்தில் உழுது வைத்த நிலத்தில்தான் அந்தத் தனியார் விதை விழுந்தது.

டெட்ராய்ட்டில் இது தாயும் மகளுமாக நடந்தது. நடுநகரில் ஹட்சன்ஸ் என்ற மாபெரும் பல்பொருள் கடை. வெள்ளைக் குடும்பங்கள் புறநகருக்குப் போகப் போக, அந்தக் கடைக்காரர்களே குரூயனை அழைத்து 1954-ல் சவுத்ஃபீல்டில் 'நார்த்லேண்ட்' என்ற வணிக வளாகத்தைக் கட்டினார்கள். மகள் வளர்ந்தாள். தாய்க் கடை 1983-ல் மூடிற்று, 1998 அக்டோபரில் வெடி வைத்துத் தகர்த்தார்கள். மகளும் 2015-ல் கதவடைத்தாள்.

இங்கே ஒரு சம்பவத்தைக் கொஞ்சம் நின்று பார்க்க வேண்டும். நியூயார்க் மாநிலத்தின் பஃபலோ நகரை ஒட்டி, சீக்டவாகாவில், வால்டன் கேலரியா என்ற மால் 1989-ல் வந்தது. நகருக்குள் வேலைகள் வற்றிக்கொண்டிருந்தன. வேலை இருந்த இடம் மால். பஃபலோவின் கறுப்பர் குடியிருப்பிலிருந்து 6-ஆம் எண் நகரப் பேருந்து அந்தப் பக்கம் போகும். ஆனால் மால் வளாகத்துக்குள் அதற்கு நிறுத்தம் கிடையாது. கனடாவிலிருந்து சரக்கு வாங்க வரும் சுற்றுலாப் பேருந்துகள் வாசல் வரை வரலாம். நகரப் பேருந்து மட்டும் எதிர்ப்பக்கம் சாலையோரத்தில் இறக்கிவிட்டுப் போய்விடும். நடுவே ஏழு தடச் சாலை. நடைபாதை இல்லை. 1995 டிசம்பரில், சாலையோரமெல்லாம் பனிக்குவியலாகக் கிடந்த ஒரு நாள், மாலின் ஃபுட் கோர்ட்டில் வேலை பார்த்துவந்த 17 வயதுக் கறுப்பினப் பெண் அந்தப் பேருந்திலிருந்து இறங்கிச் சாலையைக் கடக்கத் தொடங்கினாள். கடந்து முடிப்பதற்குள் சிக்னல் மாறியது. ஒரு லாரி மோதியது. ஜனவரியில் இறந்துபோனாள். பிறகு வழக்கு. 1999-ல் 25.5 லட்சம் டாலருக்குச் சமரசமானது. அவள் இறந்த பிறகு பேருந்து வளாகத்துக்குள் விடப்பட்டது.

'கறுப்பர் வரக்கூடாது' என்று எந்தப் பலகையிலும் எழுதியிருக்கவில்லை. எழுதத் தேவையும் இருக்கவில்லை. பேருந்து எங்கே நிற்கிறது என்பதே போதுமானதாக இருந்தது. மாலைப் பற்றிய புத்தகங்கள் விளக்கு, இசை, வாசனை, எஸ்கலேட்டரை எங்கே வைப்பது என்று பக்கம் பக்கமாகப் பேசுகின்றன. ஒரு மால் யாருக்காகக் கட்டப்பட்டது என்று தெரிய வேண்டுமானால், உள்ளே போகாமல் பேருந்து நிறுத்தத்திலிருந்து வாசலுக்கு நடந்து பார்த்தாலே போதும் என்பது என் கட்சி.

ஊரா, கடையா என்ற கேள்வி நீதிமன்றத்துக்கும் போகாமலில்லை. அலபாமாவில் ஒரு கப்பல் கம்பெனி ஓர் ஊரையே சொந்தமாக வைத்திருந்தது. தெரு, சாக்கடை, போலீஸ் எல்லாம் கம்பெனியுடையவை. அங்கே மதப் பிரசுரம் கொடுத்த ஒரு பெண்ணைத் தடுக்க முடியுமா என்ற வழக்கில் 1946-ல் அமெரிக்க உச்ச நீதிமன்றம் முடியாது என்றது. ஊரைப்போல நடக்கிற இடத்தில் ஊருக்குள்ள உரிமைகள் உண்டு. அந்த நியாயத்தை 1968-ல் பென்சில்வேனியாவின் ஒரு வணிக வளாகத்துக்கும் நீட்டித்து, தொழிற்சங்கத்தார் மறியலுக்கு இடம் கொடுத்தார்கள். நான்கே ஆண்டுகளில் காற்று திசை மாறியது. போர்ட்லண்ட் நகர மாலில் வியட்நாம் போருக்கு எதிராகத் துண்டுப் பிரசுரம் கொடுத்தவர்களை வெளியேற்றியது சரியே என்று 1972-ல் தீர்ப்பானது. 1976-ல் 1968-ன் தீர்ப்பையே கைவிட்டார்கள். 1980-ல் ஒரு சின்ன ஜன்னல் மட்டும் திறந்தது: மாநிலங்கள் விரும்பினால் தங்கள் சட்டப்படி கூடுதல் உரிமை தரலாம். கலிபோர்னியா தந்தது. சவுத்டேல் இருக்கும் மின்னசோட்டா தரவில்லை. எடைனாவுக்குப் பக்கத்து ஊரான புளூமிங்டனில் 1992-ல் திறந்த 'மால் ஆஃப் அமெரிக்கா'வில், விலங்குத் தோல் உடைக்கு எதிராக நின்றவர்கள் வழக்கில் தோற்றார்கள். அது கட்டப்பட்டதில் பொதுப் பணம் கலந்திருக்கிறது என்ற வாதத்தையும் அந்த மாநில உச்ச நீதிமன்றம் 1999-ல் ஏற்கவில்லை. ஆக, சட்டத்தின் பதில் தெளிவானது: கடை. குரூயன் ஊர் என்று நினைத்து வரைந்ததற்குச் சட்டத்தில் பட்டா கிடைக்கவில்லை.

மால்கள் செத்த கதையை எல்லோரும் இணைய வியாபாரத்தின் தலையில் கட்டுகிறார்கள். நோய் அதற்கு முன்பே பிடித்துவிட்டது. சவுத்டேலைக் கட்டிய டேட்டன் குடும்பமே 1962-ல் அதே மின்னசோட்டாவின் ரோஸ்வில்லில் 'டார்கெட்' என்ற மலிவு விலைக் கடையின் முதல் கிளையைத் திறந்தது. வால்மார்ட்டும் கேமார்ட்டும் பிறந்த ஆண்டும் அதுவே. முற்றம், மரம், பறவைக் கூண்டு எதுவும் வேண்டாம், கார் நிறுத்த இடமும் விலைக் குறைவும் போதும் என்று ஜனங்கள் காட்டிவிட்டார்கள். அதோடு, தேவைக்காகக் கட்டாமல் வரிக் கழிவுக்காகக் கட்டியவை எண்ணிக்கையில் தேவையை மீறின. புது மால் அடுத்த நெடுஞ்சாலைச் சந்திப்பில் வந்தால் பழையது வாடிற்று. பெரிய கடை ஒன்று காலி செய்தால், மற்றவர்கள் வாடகையைக் குறைக்கவோ வெளியேறவோ ஒப்பந்தத்திலேயே இடமிருக்கும். தேரில் ஓர் அச்சு முறிந்த கதைதான்.

கிளீவ்லண்டை ஒட்டிய நார்த் ரேண்டால் என்பது ஆயிரத்துச் சொச்சம் பேர் வாழும் கிராமம். குதிரைப் பந்தய மைதானம் இருந்த இடத்தில் 1976-ல் ரேண்டால் பார்க் மால் திறந்தது. 200-க்கு மேல் கடைகள், ஐந்து ஆங்கர்கள். கிராமத்து ஜனத்தொகையைப்போலச் சில மடங்கு ஆட்கள் அங்கே வேலை பார்த்தார்கள். கிராமத்தின் அதிகாரபூர்வ முத்திரையில் கடைப் பைகளின் படத்தைப் போட்டுக்கொண்டார்கள். 2009-ல் மால் மூடிற்று, 2014-ல் இடிக்கத் தொடங்கினார்கள். 2018-ல் அதே மனையில் அமேசானின் சரக்குக் கிடங்கு வந்தது. பந்தயக் குதிரை, மால், கிடங்கு: ஒரே நிலம் மூன்று முறை ஆள் மாற்றிக்கொண்டது. கிடங்கிலும் நூற்றுக்கணக்கானவர்களுக்கு வேலை இருக்கிறது. வெளியாள் உள்ளே போய் உட்காரத்தான் இடமில்லை.

குரூயன் 1968-ல் வியன்னாவுக்கே திரும்பிவிட்டார். நடுநகரைக் கார்களிடமிருந்து மீட்க அங்கே ஒரு திட்டம் தீட்டினார். பிறகு வியன்னாவின் தெற்கு எல்லையிலேயே ஒரு பெரிய மால் முளைத்துவிட்டது. 1978-ல் லண்டனில் பேசியபோது, இந்த முறைகேடான குழந்தைகளுக்கு நான் ஜீவனாம்சம் கொடுக்க மாட்டேன் என்கிற ரீதியில் கைகழுவினார். 1980-ல் காலமானார். அவர்மேல் எனக்கு அனுதாபம் உண்டு, முழு மன்னிப்பு இல்லை. ஒரே உரிமையாளரின் நிலத்தில், ஒரே வாடகைக் கணக்கில், ஊர் முளைக்கும் என்று ஒரு சோஷலிஸ்ட் எப்படி நம்பினார்?

இதே மால் சென்னைக்கு வந்தபோது உருவம் மாறித்தான் வந்தது. எடைனாவில் நிலம் மலிவு, எனவே அகலமாகப் படுத்திருந்தது. இங்கே நிலம் பொன், எனவே நிமிர்ந்து நின்றது. நிமிர்ந்தால் ஒரு சிக்கல்: மூன்றாவது மாடிக்கு யார் ஏறுவார்? அமெரிக்காவில் இரு முனைகளில் பெரிய கடை வைத்துச் செய்ததை, இங்கே உச்சியில் சினிமாவும் ஃபுட் கோர்ட்டும் வைத்துச் செய்தார்கள். படம் பார்க்க ஏறிய கூட்டம் இறங்கும்போது ஒவ்வொரு தளத்திலும் சொட்டிக்கொண்டே இறங்கும். தமிழ்நாட்டில் இதைவிடப் பலமான ஆங்கர் கிடையாது. வடபழனியில் ஒரு காலத்தில் ஆசியாவின் மிகப்பெரிய ஸ்டுடியோ என்று பேர் வாங்கிய விஜயா வாகினி இருந்த இடத்தில் 2013-ல் மால் வந்தது. படம் எடுத்த தரையில் இப்போது படம் ஓடுகிறது. டிக்கெட் விலைக்கு அரசு உச்சவரம்பு வைத்திருக்கிறது. பாப்கார்னுக்கு வைக்கவில்லை. மிச்சக் கணக்கை வாசகரே போட்டுக்கொள்ளலாம்.

இன்னொரு வேறுபாடு பார்க்கிங். அமெரிக்க மாலின் அடிப்படையே இலவசமாக வண்டி நிறுத்தலாம் என்பதுதான். இங்கே மணிக்கணக்குக்குக் காசு. பேருந்தில் வருகிறவருக்கு அந்தச் செலவு இல்லை என்பதால் இங்கே மால் கொஞ்சம் ஜனநாயகமானது என்று வாதிட முடியும். உண்மையும் ஓரளவு அதில் உண்டு. வேளச்சேரிக்குப் பறக்கும் ரயில் 2007-ல் வந்தது. பக்கத்தில் தரமணியில் 2000-லேயே டைடல் பார்க், பிறகு ராஜீவ் காந்தி சாலை ஆறு தடமாயிற்று. 2013-ல் வேளச்சேரியில் ஃபீனிக்ஸ் மார்க்கெட்சிட்டி திறந்தது. ரயில், சாலை, மென்பொருள் பூங்கா எல்லாம் அரசு போட்டவை. ஐசனோவரின் சாலையும் எடைனாவின் மாலும் கைகோத்த அதே வரிசைதான் இது. விலை ஏறிய அந்த நிலம் எப்படிப்பட்டது என்பதை 2015 டிசம்பர் மழை நினைவூட்டியது. தெருவெல்லாம் படகு. பக்கத்துப் பள்ளிக்கரணைச் சதுப்பில் எஞ்சியதை 2022-ல் சதுப்பு நிலங்களுக்கான சர்வதேச ராம்சார் பட்டியலில் சேர்த்தார்கள். எஞ்சாததன் மேல்தான் நாம் வீடும் கடையும் கட்டிக்கொண்டிருக்கிறோம்.

நுகர்வு வெறி என்று குற்றம்சாட்டுகிறவர்கள் ஒரு விஷயத்தைக் கவனிப்பதில்லை. சென்னைக் குடும்பம் கல்யாணப் பட்டு எடுக்க இன்னமும் தியாகராய நகருக்குத்தான் போகிறது. பாத்திரம், நகை, தீபாவளித் துணி எல்லாம் அங்கே. மாலுக்கு வருவது உலாத்த. இலக்கியக் கூட்டத்துக்கு முன்னால் ஒரு மணி நேரம் கையில் இருந்தால் நானும் அங்கே போய் உட்காருவேன், காபி முந்நூறு ரூபாய் என்பதால் தண்ணீர் மட்டும் குடித்துக்கொண்டு. ஒரு முறை எஸ்கலேட்டர் அடியில் ஒரு குடும்பம் நின்றிருந்தது. பாட்டி சேலைக் கொசுவத்தை இடுக்கிக்கொண்டு காலை நீட்டுவதும் இழுப்பதுமாக இருந்தார். பேத்தி மேலே போய்விட்டாள். 'ஆத்தா, கோடு பார்த்து வை, கோடு பார்த்து வை' என்று மேலிருந்து கத்தினாள். பின்னால் வரிசை சேர்ந்துவிட்டது. செக்யூரிட்டிக்காரர் விரட்டவில்லை. ஓரமாக வந்து, 'என் கையைப் பிடிங்கம்மா' என்று ஏற்றிவிட்டு, மேலே விட்டுவிட்டு, இறங்கி வந்து தன் இடத்தில் நின்றுகொண்டார். அந்தப் பாட்டி அன்று அங்கே ஏதாவது வாங்கியிருப்பார் என்று எனக்குத் தோன்றவில்லை. சட்டம் கடை என்று சொன்னதை அந்த ஐந்து நிமிடம் அவர்கள் ஊராக்கிக்கொண்டார்கள். அது உரிமையால் வந்ததா, அந்த மனிதருடைய தயவால் வந்ததா என்று கேட்டால் தயவு என்றுதான் சொல்ல வேண்டும். நாளைக்கு அவர் நிற்கிற இடத்தில் வேறொருவர் நிற்பார்.

அந்தச் செக்யூரிட்டிக்காரர் நாள் முழுக்க நிற்கிறார் என்பதையும் சொல்ல வேண்டும். ரங்கநாதன் தெருக் கடைப் பணியாளர்களின் நின்று நின்று வீங்கிய கால்களை 2010-ல் 'அங்காடித் தெரு' படம் காட்டியது. 2021-ல் தமிழ்நாடு அரசு கடைகள் சட்டத்தைத் திருத்தி, பணியாளர்களுக்கு உட்கார இருக்கை தர வேண்டும் என்றது. இருக்கை கேட்டுச் சட்டம் போட வேண்டியிருந்தது என்பதே நம் கடைகளைப் பற்றிய ஒரு செய்திதான். இந்த விஷயத்தில் தெருக் கடைக்கும் மாலுக்கும் பெரிய வித்தியாசம் இல்லை.

வேளச்சேரியில் ஒரு நாள் ராத்திரி பத்தரை மணி வாக்கில் ஷட்டர்கள் இறங்கும் நேரம் வெளியே நின்றிருந்தேன். கண்ணாடிக் கதவுப் பக்கமாக இல்லை, பின்பக்கத்துச் சின்ன வாசல் வழியாக ஆட்கள் வந்தார்கள். துணிக்கடைச் சட்டை, பர்கர் கடைத் தொப்பி, கழிப்பறை சுத்தம் செய்கிறவர்களின் நீலச் சீருடை. ஒருத்தி பை திறந்து காட்டிவிட்டு வெளியே வந்ததும் காலணியைக் கழற்றி ரப்பர் செருப்புக்கு மாறினாள். உச்சி மாடி ஃபுட் கோர்ட்டில் நாளெல்லாம் பரிமாறியவர்கள் அங்கே சாப்பிடுவதில்லை. எதிர்ப்பக்கம் சாலையோரத்தில் ஒரு கையேந்தி பவன். தட்டில் நாலு இட்லி, சாம்பார், காரச் சட்னி. மணிப்பூர்ப் பையன் ஒருவன் 'அண்ணா, கெட்டிச் சட்னி' என்று சுத்தமான தமிழில் கேட்டான். நடைபாதையில் ஐம்பது அறுபது பேர், சிலர் குந்தியிருந்தார்கள், சிலர் போனில் வீட்டோடு பேசிக்கொண்டிருந்தார்கள். கடைசி ரயிலைக் கணக்குப் பண்ணி அவசரமாக விழுங்குகிறவர்களும் இருந்தார்கள். யாரும் யாரையும் எழுந்து போகச் சொல்லவில்லை.

இன்னும் இருபது பேர் அந்தப் பக்கம் சாலை கடக்கக் காத்துக்கொண்டிருந்தார்கள். சிக்னல் பச்சையிலேயே இருந்தது. லாரிகள் வந்துகொண்டே இருந்தன. அந்த ரப்பர் செருப்புப் பெண் பையை மார்போடு அணைத்துக்கொண்டு, கையை உயர்த்திக் காட்டியபடி முதலில் இறங்கினாள். மற்றவர்கள் அவள் பின்னால் இறங்கினார்கள்.